நம் தீவுக்கு மேலே நிற்கும் படைக்கோள்கள்

தொண்ணூறுகளில் போர்ட் பிளேரிலிருந்து ராமநாதபுரத்துக்கு எஸ்.டி.டி. போட்டுப் பேசியவர்களுக்கு ஒன்று ஞாபகம் இருக்கும். "அம்மா, சௌக்கியமா?" என்று கேட்டால் பதில் வரச் சற்றுத் தாமதமாகும். அதற்குள் நாம் மறுபடி "ஹலோ, ஹலோ" என்போம். இரண்டு பேச்சும் மோதிக்கொள்ளும். மீட்டர் மட்டும் ஓடிக்கொண்டேயிருக்கும். லைன் கோளாறு என்று திட்டியிருக்கிறேன். உண்மையில் நம் குரல் 36,000 கி.மீ. உயரத்துச் செயற்கைக்கோளுக்கு ஏறி இறங்கக் கால் நொடி. பதில் வர இன்னொரு கால் நொடி.

அந்த உயரத்தில் ஒரு கோள் பூமியைச் சுற்ற ஒரு நாள் ஆகிறது. பூமியும் கூடவே திரும்புவதால் அது ஒரே இடத்தில் நிற்பதுபோலத் தெரியும். கடற்படைக்கு வேண்டியதும் இதுதான். கிரேட் நிக்கோபாருக்குத் தெற்கே, மலாக்கா நோக்கிக் கப்பல்கள் போகும் ஆறு டிகிரிக் கால்வாயில் நிற்கும் போர்க்கப்பலுக்குச் சாதாரண வி.எச்.எப். ரேடியோ அடிவானத்தோடு சரி. ஆகவே 2013 ஆகஸ்டில் 'ருக்மிணி' எனப்படும் ஜிசாட்-7 கடற்படைக்காகப் போயிற்று. கோளுக்கு 185 கோடி ரூபாய். பிரெஞ்சு கயானாவிலிருந்து ஏவவும் இன்சூரன்சுக்கும் 470 கோடி! பண்டத்தைவிட வண்டிச் சத்தம் இரண்டரை மடங்கு.

உளவுக் கோளின் கதை வேறு. படம் தெளிவாக விழ அது சில நூறு கி.மீ. உயரத்திலேயே பறக்க வேண்டும். ஒன்றரை மணிக்கு ஒரு சுற்று. ஆனால் ஒரே தீவின் மேல் அடிக்கடி வராது. இடைவெளியைக் குறைக்க ஒரே வழி, எண்ணிக்கையைக் கூட்டுவது. 1960இல் அமெரிக்கா பிலிம் சுருளைப் பாராசூட்டில் இறக்கி, விமானத்தால் நடுவானில் கொக்கிபோட்டுப் பிடித்த காலம் போய்விட்டது. நாம் 1999 கார்கிலுக்குப் பின் விழித்தோம். 2001இல் டி.இ.எஸ். என்ற கோள் பறந்தது. அதே ஆண்டில்தான் முப்படைகளுக்கும் பொதுவான அந்தமான் நிக்கோபார் கமாண்டும் இங்கே தொடங்கியது.

இப்போது கணக்கு எங்கேயோ போய்விட்டது. 2024 அக்டோபரில் 52 கண்காணிப்புக் கோள்களுக்கு மத்திய அமைச்சரவைக் குழு ஒப்புதல் தந்தது; மதிப்பு 26,968 கோடி. அந்த ஆண்டு விண்வெளித் துறை முழுமைக்கும் பட்ஜெட் ஒதுக்கீடே சுமார் 13,000 கோடிதான். சென்னையிலிருந்து நம் தீவுகளுக்குக் கடலடிக் கேபிள் வந்த செலவு 1,224 கோடி. 2020 ஆகஸ்ட் வரை அதற்காகக் காத்திருந்தோம். பிள்ளைகள் தேர்வு முடிவு பார்க்க சைபர் கபேயில் பாதி நாள் உட்கார்ந்த காலம் அது. படைச் செலவு வேண்டாம் என்று சொல்லமாட்டேன். எல்லையில் குடியிருப்பவன் அப்படிச் சொல்வதற்கில்லை. ஆனால் இரண்டு தொகைகளையும் பக்கத்தில் வைத்துப் பார்க்காமலும் இருக்க முடியவில்லை.

2025 நவம்பர் 2 மாலை, கடற்படைக்கான 4,410 கிலோ சி.எம்.எஸ்.-03, இந்த முறை நம் ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்தே ஏறியது. டி.வி.யில் பார்த்துக்கொண்டிருந்தோம். வெளியே இருட்டிவிட்டது. "தாத்தா, இனி நம்ம நெட் வேகமா வருமா?" என்றான் பேரன்.

"இது கப்பல்காரங்களுக்குப்பா. நமக்குக் கேபிள்தான்" என்றேன்.