இருண்ட நகைச்சுவையும் மனிதத் தனிமையும்

நகைச்சுவை துயரத்தை மறக்கச் செய்வது எனப் பொதுவாகக் கருதப்படுகிறது. ஆயின், துயரத்தை உற்றுநோக்கச் செய்யும் நகைச்சுவையும் உண்டு. அதனை இருண்ட நகைச்சுவை என்பர். 1943 இல் பிறந்த சுவீடன் நாட்டுத் திரைப்பட இயக்குநர் ராய் ஆண்டர்சனின் படைப்புகள் இதற்குத் தக்க சான்றாகும்.

2014 இல் வெனிஸ் விழாவில் தங்கச் சிங்க விருது பெற்ற அவரது படத்தில், விற்பனையாளர் இருவர் மக்களை மகிழ்விக்க விரும்புவதாகக் கூறி, போலிக் கோரைப்பற்களையும் சிரிப்பொலி எழுப்பும் பைகளையும் சுமந்து திரிகின்றனர். அவர்கள் முகத்திலோ மகிழ்ச்சியின் சாயலும் இல்லை. அதே படத்தில் வெவ்வேறு மாந்தர், மறுமுனையில் இருப்பவர் நலமென்று கேட்டு மகிழ்வதாக, ஒரே வாக்கியத்தைத் தொலைபேசியில் திரும்பத் திரும்பச் சொல்கின்றனர். உறவின் சொற்கள் எஞ்சியுள்ளன, உறவு எஞ்சவில்லை.

ஆண்டர்சனின் காமிரா பெரும்பாலும் அசைவதில்லை. துன்புறுபவனின் முகத்தை அண்மையில் காட்டுவதுமில்லை. தொலைவிலிருந்தே காட்சி முழுவதும் காட்டப்படுவதால், துன்புறுபவனோடு, அருகில் வாளா நிற்பவர்களையும் காண்கிறோம். நகைப்பு பிறப்பது இவ்விடைவெளியிலேதான். மனிதன் பொருளைத் தேட, உலகம் மௌனமாயிருப்பதே அபத்தம் என 1942 இல் காம்யு விளக்கினார். ஆண்டர்சனிடத்தில் அபத்தம் மனிதனுக்கும் மனிதனுக்கும் இடையே தோன்றுகிறது.

2019 இல் வெளிவந்த அவரது படம் நம்மை நேரே தொடுகிறது. விசுவாசத்தை இழந்த குருவானவர் ஒருவர், திருவிருந்துக்குரிய திராட்சரசத்தைத் தாமே குடித்துவிட்டுத் தள்ளாடியவாறு சபைமுன் வருகிறார். பின்பு, விசுவாசம் போய்விட்டதே, இனி என்ன செய்வேன் என்று மனநல மருத்துவரிடம் கதறுகிறார். மருத்துவருக்கோ பேருந்தைப் பிடிக்கவேண்டும். அவரும் உதவியாளரும் குருவானவரை வெளியே தள்ளிக் கதவை அடைக்கின்றனர்.

நாம் சிரிக்கிறோம், உடனே சிரிப்பு அடங்குகிறது. அம்மருத்துவர் கொடியவர் அல்லர். அலுவல் நேரம் முடிந்தவர், அவ்வளவே. ஆறுதல் தேடி வருபவரை, கடிகாரத்தைப் பார்த்தவாறே ஜெபித்து அனுப்பிவிடும் வழக்கம் நம் குருமனைகளுக்கு அந்நியமானதா? மேலும், ஐயம் கொண்ட ஆயர் தம் ஐயத்தை எவரிடம் சொல்வார்? பேராயத்திடம் சொன்னால் பணிக்கு இடையூறு. சபையாரிடம் சொன்னால் இடறல். ஆகவே மௌனம் காக்கிறார். ஆயருக்கு ஆயர் யார் என்னும் வினாவுக்கு விடை காணாதவரை, அடைபட்ட அக்கதவு மருத்துவமனையின் கதவு மட்டுமன்று.