கிருமி செத்தாலும் நஞ்சு சாவதில்லை

கிருமியைக் கொன்றுவிட்டால் நோய் தீர்ந்துவிடும் என்றே நம்மில் பலரும் எண்ணுகிறோம். பெனிசிலின் வந்த நாள் முதல் இந்த எண்ணம் நம் மனத்தில் வேரூன்றிவிட்டது. பெரும்பாலான கிருமி நோய்களுக்கு இது சரிதான். ஆனால் சில நோய்களில் கிருமி உடலெங்கும் படையெடுப்பதில்லை. தொண்டையிலோ, குடலிலோ, ஒரு சிறு புண்ணிலோ தங்கிக்கொண்டு நஞ்சைச் சுரக்கிறது. அந்த நஞ்சுதான் உயிரைக் குடிக்கிறது.

இத்தகைய நோய்களில் ஆன்டிபயாட்டிக் மருந்து கிருமிகளை அடியோடு அழித்துவிட்டாலும், முன்பே வெளிப்பட்டுவிட்ட நஞ்சு தன் வேலையைத் தொடர்ந்து செய்யும். நஞ்சு உயிருள்ள பொருள் அன்று. அது ஒரு புரதம். அதைக் கொல்ல முடியாது, பிடித்துக் கட்டத்தான் முடியும். அப்படிக் கட்டும் மருந்துகளைப் பற்றி இங்கே காண்போம்.

நஞ்சின் இரண்டு கைகள்

தொண்டை அடைப்பான் எனப்படும் டிப்தீரியா நோயை எடுத்துக்கொள்வோம். இந்நோயின் கிருமி தொண்டையிலேதான் இருக்கும். ஆனால் நோயாளியின் இதயம் பழுதுபடும்; நரம்புகள் செயலிழக்கும். கிருமி போகாத இடத்தில் கேடு எப்படி வந்தது? 1888இல் பாரிஸ் பாஸ்டர் நிலையத்தில் ரூ, எர்சின் என்ற இருவர் இதற்கு விடை கண்டனர். கிருமி வளர்ந்த குழம்பை நுண்ணிய வடிகட்டியில் வடித்துக் கிருமிகளை நீக்கினர். எஞ்சிய தெளிநீரை விலங்குகளுக்கு ஊசி மூலம் செலுத்தினர். கிருமி ஒன்றுகூட இல்லாத அந்த நீரே விலங்குகளைக் கொன்றது! காலராவுக்கும் இப்படி ஒரு நஞ்சு உண்டு என்பதை 1959இல் மெய்ப்பித்தவர் கல்கத்தாவைச் சேர்ந்த சம்பு நாத் தே என்ற நம் நாட்டு அறிஞர்.

இத்தகைய நஞ்சுகள் பலவற்றின் அமைப்பில் ஒரு பொதுத்தன்மை உண்டு. அவற்றுக்கு இரண்டு பகுதிகள். ஒரு பகுதி உயிரணுவின் மேற்பரப்பைப் பற்றிக்கொள்ளும். மற்றொரு பகுதி உள்ளே புகுந்து நாசம் செய்யும். டிப்தீரியா நஞ்சின் இந்த இரண்டாம் பகுதி ஒரே ஒரு மூலக்கூறு உள்ளே போனாலும் ஓர் உயிரணு மடிந்துவிடும் என்று 1978இல் ஜப்பானிய ஆய்வாளர்கள் காட்டினார்கள்.

இதிலிருந்து நாம் அறிய வேண்டிய பாடம் ஒன்று உண்டு. நஞ்சு உயிரணுவுக்கு வெளியே, இரத்தத்தில் மிதந்துகொண்டிருக்கும்போதே அதைப் பிடிக்க வேண்டும். உள்ளே நுழைந்தபின் எந்த மருந்தும் அதை வெளியே இழுக்க முடியாது. ஆகவே இந்த மருந்துகள் எல்லாவற்றுக்கும் காலமே உயிர்.

குதிரை தந்த கொடை

1890இல் பெர்லின் நகரில் எமில் ஃபான் பேரிங், ஷிபசபுரோ கிடசாட்டோ ஆகிய இருவரும் ஒரு வியத்தகு உண்மையைக் கண்டனர். நஞ்சைச் சிறிது சிறிதாகப் பெற்றுப் பழகிய விலங்கின் இரத்தத்தில் அந்த நஞ்சை முறிக்கும் பொருள் உண்டாகிறது. இரத்தத்தின் தெளிநீராகிய சீரத்தை எடுத்து வேறொரு விலங்குக்குக் கொடுத்தால், அதுவும் நஞ்சிலிருந்து தப்புகிறது. 1901இல் மருத்துவத்துக்கான முதல் நோபெல் பரிசு பேரிங்குக்குக் கிடைத்தது இதற்காகத்தான்.

குதிரை பெரிய விலங்கு. நிறைய இரத்தம் தரும். எனவே குதிரைச் சீரம் மருந்தாயிற்று. 1894இல் பாரிஸ் குழந்தைகள் மருத்துவமனை ஒன்றில் ரூ இதைப் பயன்படுத்தியபோது, டிப்தீரியாவால் பாதிக்குப் பாதி குழந்தைகள் இறந்த நிலை மாறி, ஏறத்தாழ கால் பங்காகக் குறைந்தது. இன்று நம் ஊர் மருத்துவமனைகளில் பாம்புக் கடிக்குப் போடப்படும் மருந்தும் இதே முறையில் குதிரையிடமிருந்து பெறப்படுவதே.

ஆனால் இதில் குறைகளும் உண்டு. குதிரைப் புரதம் நமக்கு அந்நியம். ஆகவே சிலருக்குக் காய்ச்சல், மூட்டு வலி, தடிப்பு ஆகியவை வரும். சிலருக்கு உயிருக்கே ஆபத்தாகும் ஒவ்வாமை ஏற்படும். குதிரை நோயுற்றால் மருந்தே நஞ்சாகிவிடும். 1901இல் அமெரிக்காவின் செயின்ட் லூயி நகரில் இப்படித்தான் நேர்ந்தது. இசிவு நோய் எனப்படும் டெட்டனஸ் கண்ட ஒரு குதிரையின் சீரத்தைப் பெற்ற குழந்தைகளில் 13 பேர் இறந்தனர். மேலும், குதிரைச் சீரத்தில் ஆயிரக்கணக்கான வகை எதிர்ப்பொருள்கள் கலந்திருக்கும். நமக்கு வேண்டியவை அவற்றுள் ஒரு சிறு பங்கே.

ஒரே அச்சில் வார்த்தவை

எதிர்ப்பொருள் என்பது ஆங்கில எழுத்தான 'ஒய்' போன்ற வடிவமுள்ள ஒரு புரதம். அதன் இரண்டு கைநுனிகளும் ஒரு குறிப்பிட்ட பொருளை மட்டுமே பற்றும். நம் உடலில் இதைச் சுரக்கும் வெள்ளணுக்கள் உண்டு. ஓர் அணு ஒரே வகை எதிர்ப்பொருளைத்தான் செய்யும். அந்த ஒரே அணுவைத் தனியே பிரித்து வளர்த்தால், ஒரே வகை எதிர்ப்பொருள் வேண்டிய மட்டும் கிடைக்கும் அல்லவா? கிடைக்கும், ஆனால் உடலுக்கு வெளியே அந்த அணுக்கள் சில நாள்களில் இறந்துவிடுகின்றன.

1975இல் இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் நகரில் ஜார்ஜ் கோலர், சீசர் மில்ஸ்டைன் இருவரும் இதற்கு ஒரு வழி கண்டனர். புற்றுநோய் அணுக்களுக்குச் சாவில்லை. அவை பெருகிக்கொண்டே போகும். எனவே எலியின் மண்ணீரலில் எதிர்ப்பொருள் செய்யும் அணுவையும், சாகாத புற்றணு ஒன்றையும் இணைத்து ஒட்டணு ஆக்கினர். இணையாத புற்றணுக்கள் அழியும்படியான ஊட்டக் கரைசலில் அவற்றை வளர்த்தனர். இணையாத மண்ணீரல் அணுக்களோ தாமே மடிந்தன. எஞ்சியவை ஒட்டணுக்கள் மட்டுமே. ஓர் அணுவின் வழிவந்த குலம் ஒரே வகை எதிர்ப்பொருளையே தருவதால், இதற்கு மோனோகுளோனல், அதாவது 'ஒரு குல' எதிர்ப்பொருள் என்று பெயர். 1984இல் இவர்களுக்கு நோபெல் பரிசு கிடைத்தது.

எலி எதிர்ப்பொருளையும் மனித உடல் அந்நியமாகவே கருதும். எனவே 1980களில், நஞ்சைப் பற்றும் நுனியை மட்டும் எலியிடமிருந்து எடுத்து, மீதியை மனிதப் புரதமாக அமைக்கும் முறைகள் உருவாயின. மனித மரபணுக்களைத் தாங்கிய எலிகளைக் கொண்டு முழு மனித எதிர்ப்பொருளையே பெறும் முறையும் பின்னர் வந்தது.

தோல்வி கற்பித்த பாடம்

கருவி கிடைத்துவிட்டால் வெற்றி நிச்சயம் என்று எண்ணிவிடக் கூடாது. சிலவகைக் கிருமிகளின் புறச்சுவரே நஞ்சாகும். அவை இரத்தத்தில் பெருகினால் இரத்த அழுத்தம் வீழ்ந்து உயிர் போகும். அச்சுவர் நஞ்சைப் பிடிப்பதற்கென 'சென்டாக்சின்' என்ற ஒரு குல எதிர்ப்பொருள் செய்யப்பட்டது. 1991இல் வெளிவந்த முதல் ஆய்வு நம்பிக்கை தந்தது. ஐரோப்பிய நாடுகள் சிலவற்றில் விற்பனைக்கும் வந்தது. ஆனால் அமெரிக்க அரசு மற்றோர் ஆய்வு வேண்டும் என்றது. அந்த இரண்டாம் ஆய்வில், குறிப்பிட்ட கிருமி இல்லாத நோயாளிகளிடையே மருந்து பெற்றவர்களின் இறப்பு கூடுதலாகத் தென்பட்டது. 1993 ஜனவரியில் மருந்து திரும்பப் பெறப்பட்டது. இந்த எதிர்ப்பொருள் நஞ்சைச் சரியாகப் பற்றவே இல்லை என்ற ஐயமும் எழுந்தது. சரியான நஞ்சு, சரியான பிடி, சரியான நோயாளி ஆகிய மூன்றும் பொருந்த வேண்டும் என்பதே இதன் பாடம்.

அடைப்பான் நோய்க்கு

கால்நடைகளைத் தாக்கும் அடைப்பான் எனும் ஆந்த்ராக்ஸ் நோய் மனிதருக்கும் வரும். இதன் வித்துகளை மூச்சில் இழுத்தால் நோய் மிகக் கொடியது. 2001இல் அமெரிக்காவில் யாரோ தபால் உறைகளில் இவ்வித்துகளை இட்டு அனுப்பினர். 22 பேர் நோயுற்றனர். 5 பேர் இறந்தனர். ஆன்டிபயாட்டிக் பெற்றும் அவர்களைக் காக்க முடியவில்லை.

இந்நோயின் நஞ்சு மூன்று புரதங்களால் ஆனது. அவற்றுள் ஒன்று உயிரணுவைப் பற்றி வழி அமைத்துக் கொடுக்கும். மற்ற இரண்டும் அவ்வழியே உள்ளே செல்லும். வழி அமைக்கும் புரதத்தைப் பிடித்துக்கொண்டால் மூன்றும் பயனற்றுப்போகும். அதைச் செய்வதுதான் 'ராக்சிபாகுமாப்'.

மனிதருக்கு வேண்டுமென்றே ஆந்த்ராக்ஸ் கொடுத்து மருந்தைச் சோதிக்க இயலாது. எனவே முயல்களிலும் குரங்குகளிலும் சோதித்தனர். மருந்து பெறாத விலங்குகள் அனைத்தும் இறந்தன. பெற்றவற்றுள் முயல்களில் 44 விழுக்காடும் குரங்குகளில் 64 விழுக்காடும் பிழைத்தன. நலமாயிருந்த மனிதர்களிடம் பாதுகாப்பு மட்டும் சோதிக்கப்பட்டது. 2012 டிசம்பரில் அமெரிக்க அரசு இதை ஏற்றது.

குடலில் மீண்டும் மீண்டும்

நம் குடலில் கோடானுகோடி நல்ல நுண்ணுயிர்கள் வாழ்கின்றன. ஆன்டிபயாட்டிக் மருந்து தீயவற்றோடு அவற்றையும் அழிக்கிறது. காலியான இடத்தில் 'கிளாஸ்ட்ரிடியாய்டிஸ் டிஃபிசில்' என்ற கிருமி குடியேறி நஞ்சைச் சுரக்கும். கடும் வயிற்றுப்போக்கு வரும். முதியோருக்கு இது உயிராபத்தானது. கிருமியைக் கொன்றாலும் அதன் வித்துகள் தப்பி மீண்டும் முளைக்கும். கொல்லும் மருந்தோ நல்ல நுண்ணுயிர்களை மேலும் குறைக்கும். குணமானதுபோல் தோன்றி, மறுபடியும் நோய் வருவது இதனால்தான்.

இந்நோய்க்கு எதிராக வந்த 'பெஸ்லோடாக்சுமாப்' கிருமியைத் தொடுவதே இல்லை. நல்ல நுண்ணுயிர்களையும் தொடுவதில்லை. கிருமியின் இரண்டு நஞ்சுகளுள் 'பி' என்பதை மட்டும் பிடிக்கிறது. வழக்கமான ஆன்டிபயாட்டிக்குடன் ஒரே ஒரு முறை இதை நரம்பில் ஏற்றினால், பல வாரங்கள் இரத்தத்தில் நின்று காவல் காக்கும். 2,500க்கு மேற்பட்ட நோயாளிகளிடம் செய்த இரண்டு ஆய்வுகளில், நோய் திரும்புவது 26 முதல் 28 விழுக்காட்டிலிருந்து 16 முதல் 17 விழுக்காடாகக் குறைந்தது. 'ஏ' நஞ்சைப் பிடிக்கும் மற்றோர் எதிர்ப்பொருள் பயன் தரவில்லை. எந்த நஞ்சு உண்மையான எதிரி என்பதும் இதனால் தெளிவாயிற்று. இதய பலவீனம் உள்ளவர்களுக்கு மட்டும் எச்சரிக்கையோடு தர வேண்டியிருந்தது. 2016 அக்டோபரில் அமெரிக்காவில் இதற்கு அனுமதி கிடைத்தது.

மருந்தும் சந்தையும்

ஆனால் 2025 ஜனவரியுடன் அம்மருந்தைத் தயாரித்த நிறுவனம் அதன் விற்பனையை நிறுத்திவிட்டது. காரணம் பாதுகாப்புக் குறைவு அன்று, வணிக முடிவே என்றது நிறுவனம். எதிர்ப்பொருள் மருந்தை உயிரணுக்களைத் தொட்டிகளில் வளர்த்தே செய்ய வேண்டும். ஆகையால் விலை அதிகம். ஒரே முறை தரும் மருந்து அது. வாழ்நாள் முழுதும் உண்ணும் மாத்திரைபோல் வருவாய் தராது. ஆந்த்ராக்ஸ் மருந்தையோ அமெரிக்க அரசே வாங்கிச் சேமித்தது. பயன் மட்டும் ஒரு மருந்தை வாழவைப்பதில்லை என்பதை இவ்விரண்டும் காட்டுகின்றன.

பழைய குதிரைச் சீரத்துக்கும் இதே நிலைதான். 2015இல் ஸ்பெயினில் தடுப்பூசி போடாத ஒரு சிறுவனுக்கு டிப்தீரியா வந்தபோது, அந்நாட்டில் எதிர்நஞ்சு மருந்து இருப்பில் இல்லை. ரஷ்யாவிலிருந்து வரவழைக்க வேண்டியதாயிற்று. சிறுவன் இறந்துவிட்டான். காலமே உயிர் என்று முன்பு சொன்னதை இங்கே நினைவுகூர வேண்டும்.

இவற்றையெல்லாம்விட மலிவான எதிர்நஞ்சுத் தொழிற்சாலை ஒன்று உண்டு. அது நம் உடலே. கொல்லும் தன்மை நீக்கப்பட்ட நஞ்சையே தடுப்பூசியாகப் போட்டால், உடல் தானே எதிர்ப்பொருளைச் செய்து வைத்துக்கொள்கிறது. டிப்தீரியா, டெட்டனஸ் தடுப்பூசிகள் இவ்வகையே. நம் நாட்டில் குழந்தைக்கு 6, 10, 14 வாரங்களிலும், பின்னர் ஊக்க ஊசியாகவும், 10, 16 வயதுகளில் மறுபடியும் அரசு இவற்றை இலவசமாகப் போடுகிறது. 10, 16 வயது ஊசிகளைப் பலர் மறந்துவிடுகின்றனர். உங்கள் வீட்டுப் பிள்ளைகளுக்கு அவை போடப்பட்டனவா என்று இன்றே பாருங்கள். நஞ்சு வருமுன் அதைப் பிடிக்கும் கைகள் இரத்தத்தில் காத்திருக்கட்டும்.