சொடக்குத் தக்காளி: உறை சொல்லும் பருவம்

கொழும்பிலிருந்து வரும் பெருவழி பெரகல சந்தியில் இரண்டாகப் பிரிகிறது. ஒன்று கொஸ்லந்தையை நோக்கி இறங்க, மற்றொன்று அப்புத்தளை, பண்டாரவளை நோக்கி ஏறுகிறது. எங்கு நோக்கினும் தேயிலைதான். ஆயினும் மலையகத்தின் பாதையோரங்களிலும் லயத்துக் கொல்லைகளிலும் தானாக முளைக்கும் சொடக்குத் தக்காளியை அறியாத சிறுவர் இலர். காற்றடைத்த அதன் உறையை நெற்றியில் அடித்து ஓசை எழுப்புவது அவர்களுக்கு விளையாட்டு. அடுத்த கணம் உள்ளிருக்கும் காய் வாய்க்குப் போய்விடும். அங்கேதான் எச்சரிக்கை வேண்டும்.

உறை என்பது வேறொன்றுமன்று, பூவின் புல்லிவட்டமே. பூ உதிர்ந்தபின் அது வளர்ந்து காயைக் கூடுபோல் மூடிக்கொள்கிறது. உறை முந்தி வளரும். காய் பிந்தி வளரும். ஆகவே, உறை பெரிதாயிருப்பது கண்டு காய் விளைந்துவிட்டதென எண்ணுதல் தவறு. பச்சைக் காயில் நச்சுப்பொருள் உண்டு. அதனைத் தின்றால் வயிற்றுவலியும் வாந்தியும் வரலாம். இலையும் உறையும் உண்ணத்தக்கன அல்ல.

அங்ஙனமாயின் பருவத்தை அறிவது எப்படி? உறை பசுமை நீங்கி வைக்கோல் நிறமடைந்து, காகிதம்போல் சலசலக்க வேண்டும். உள்ளே பழம் மஞ்சளாகியிருக்க வேண்டும். இதன் உறவான பெரிய இனம் 'கேப் கூஸ்பெரி' எனப்படுவது. அதன் பழம் பொன்னிறம் கொள்ளும். தென்னமெரிக்காவின் மலைநாட்டிற் பிறந்த அது, நன்னம்பிக்கை முனையில் பயிரிடப்பட்டமையால் அப்பெயர் பெற்றது. பழுத்த கனியைப் பறிக்க வேண்டுவதில்லை. செடியை மெல்ல அசைத்தால் தானே உதிரும். பனி உலர்ந்தபின் பொறுக்குதல் நன்று. ஈர உறையில் பூஞ்சணம் பிடிக்கும். உலர்ந்த உறையோடு காற்றோட்டமான இடத்தில் வைத்தால் பழம் பல வாரங்கள் கெடாது.

மெக்சிகோவில் இக்குடும்பத்தைச் சேர்ந்த 'தொமாத்தியோ' என்ற காய் சமையலுக்குரியது. அங்கே முறை நேர்மாறானது. காய் உறையை நிறைத்து, உறை வெடிக்கும் தறுவாயில், பச்சையாகவே பறிப்பர். மஞ்சளானால் புளிப்புக் குன்றிவிடும். அந்நாட்டுச் சமையற்குறிப்பைப் பார்த்து நம் செடியின் பச்சைக் காயைத் துவையல் அரைக்க எண்ணுவோர் இவ்வேற்றுமையை மறக்கலாகாது.

இந்தக் காகிதக் கூடு மிகப் பழைமையானது. அர்ஜென்டினாவின் படகோனியாவில் கிடைத்த, இவ்வினத்து உறைப்பழத்தின் கல்லுருக்கள் ஏறக்குறைய 5 கோடியே 20 இலட்சம் ஆண்டுகள் பழைமையானவை என்று 2017ஆம் ஆண்டு அறிஞர் வெளியிட்டனர்.

கொழுந்து கொய்யும் நம் தாய்மார் நன்கறிவர்: இரண்டு இலையும் ஒரு மொட்டும் இளமையிலேயே கிள்ளப்பட வேண்டும், முற்றினால் பயனில்லை. அதே மலைச்சரிவில் நிற்கும் சொடக்குத் தக்காளியோ, முற்றும்வரை காத்திருப்பவர்க்கே இனிக்கும். எதனை விரைந்து எடுப்பது, எதற்குப் பொறுத்திருப்பது என்ற இவ்விரு பாடங்களையும் பிள்ளைகளுக்கு ஒருங்கே சொல்லிக் கொடுப்பது பெற்றோர் கடன். உறையைச் சிறுவர் உடைக்கட்டும். ஆனால் உள்ளே பச்சையிருந்தால் எறிந்துவிடட்டும்.