தூங்குமூஞ்சி மரமும் மழையும்

பாலக்காட்டிலிருந்து சித்தூர், கொழிஞ்சாம்பாறை வழியே தமிழ்நாட்டு எல்லையை நோக்கிச் செல்வோரும், கம்பம் பள்ளத்தாக்கைக் கடந்து குமுளி மலைப்பாதையை அடைவோரும் நன்கறிந்த நிழல் மரங்களுள் ஒன்று தூங்குமூஞ்சி. மலையாளத்தில் இதனை ‘உறக்கந்தூங்கி’ என்றும் ‘சக்கரக்காய் மரம்’ என்றும் வழங்குவர். முதற்பெயர் இலையைக் கண்டு இட்டது. மற்றது காயின் இனிப்பை அறிந்து இட்டது. இவ்விரண்டிலும் பிழையில்லை. ஆங்கில வழக்கை ஒட்டி வந்த ‘மழைமரம்’ என்னும் பெயரே பலரை மயங்கச் செய்துள்ளது.

அவரைக் குடும்பத்தைச் சேர்ந்த இம்மரத்தின் தாவரவியற்பெயர் சமானியா சமான். மத்திய அமெரிக்காவும் தென்னமெரிக்காவின் வடபகுதியும் இதன் தாயகம். நிழலுக்காக 19ஆம் நூற்றாண்டில் இந்தியாவுக்குக் கொணரப்பட்டது. 1800இல் வெனிசுலாவில் ஹம்போல்ட் கண்ட ஒரு மரத்தின் கவிகையின் சுற்றளவு 180 மீட்டருக்கு மேற்பட்டிருந்தது.

மரத்தடியில் சில வேளைகளில் துளித்துளியாக நீர் விழுவது உண்மையே. ஆனால் அது வானத்து நீருமன்று, மரம் பொழியும் நீருமன்று. 1855இல் பெரு நாட்டில் இத்தகைய ‘மழை’யைக் கண்ட ரிச்சர்டு ஸ்புரூஸ், மேலே நோக்கியபோது கிளைகளில் சிள்வண்டுகள் சாற்றை உறிஞ்சிக் கழிவுநீரைப் பீச்சுவதைக் கண்டார். மரம் மழையை வருவிக்கும் என்று ஊரார் கூறினால், ஊழியர்கள் இதனையே விளக்கலாம்.

இலையின் உறக்கம் இதனினும் வியப்பானது. இலைக்காம்பின் அடியிலும் சிற்றிலைகளின் அடியிலும் சிறு புடைப்புகள் உள்ளன. மாலையில் பொட்டாசியம் உப்பு புடைப்பின் ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம் செல்ல, நீரும் அதனைத் தொடர்கிறது. ஒரு பக்கம் தளர்ந்து மறுபக்கம் பருக்கவே இலை மடிகிறது. 1970களில் ரூத் சாட்டர் முதலிய அமெரிக்க ஆய்வாளர்கள் இம்மரத்தைக் கொண்டே இதனைத் தெளிவாக்கினர். இடைவிடாத இருளில் வைத்தாலும் சில நாட்கள் இவ்வசைவு தொடர்கிறது; எனவே இலைக்குள்ளேயே ஒரு கடிகாரம் உண்டு எனலாம். மேகம் கவிந்த பகலிலும் இலைகள் மடிவதுண்டு. பள்ளி வளாகத்தில் மரம் இருப்பின், இலை மடியும் நேரத்தை மாணவர்கள் ஒரு வாரம் குறித்து வரலாம். இதற்குக் கருவி எதுவும் வேண்டியதில்லை.

இலை மடிவதால் மழைநீர் தடையின்றி நிலத்தை அடைகிறது. வேர் முடிச்சுகளிலுள்ள நுண்ணுயிர்கள் நைட்ரஜனைச் சேர்க்கின்றன. பிற மரங்களின் அடியில் புல் கருகும்போதும் இதன் அடியில் பசுமை நிற்பதற்கு இவை காரணமாகும்.

காய்கள் உதிர்வது கோடையில். தீவனம் அரிதாகும் அப்பருவத்தில் சர்க்கரையும் புரதமும் கொண்ட இக்காயை மாடுகளும் ஆடுகளும் விரும்பி உண்கின்றன. கடினமான விதைகள் சாணத்தோடு வெளிப்பட்டு வேலியோரங்களில் முளைப்பதும் இதனால்தான்.

எனினும் எல்லா இடத்துக்கும் ஏற்ற மரமன்று இது. உறைபனி விழும் மூணாற்று உயரங்களில் இது செழிக்காது. பாலக்காட்டுக் கணவாயிலோ இடையூறு வேறு. தென்மேற்குப் பருவக்காற்று அவ்வழியே வேகமாக வீசும்போது, பளுவான நீண்ட கிளைகள் முறிந்து விழக்கூடும். இதற்காக மரத்தையே வெட்டிவிட வேண்டுமென்பது அவசர முடிவு. பட்ட கிளைகளையும் சாலைமேல் நீண்ட கிளைகளையும் மே மாதத்துக்குள் கழித்துவிட்டால் பெரும்பாலும் போதும். மேலும், புதிதாக நடுவோர் வீட்டுச் சுவர், மின்கம்பி ஆகியவற்றுக்கு அருகே நடலாகாது.

விதையை 80 டிகிரி சென்டிகிரேடு வெந்நீரில் ஓரிரு நிமிடம் இட்டு, பின்னர் ஒரு நாள் சாதாரண நீரில் ஊறவைத்து விதைத்தால் விரைவில் முளைக்கும்.