நிலவைப் பார்த்து நகர்ந்த வாரம்

கற்பனை உலகம் ஒன்றை வைத்துக் கதை எழுதுகிறவர்கள் வரைபடத்துக்கு அடுத்தபடியாகக் கை வைப்பது நாட்காட்டியில். பன்னிரண்டு மாதங்களுக்கு அழகாகப் பெயர் சூட்டிவிட்டால் வேலை முடிந்தது என்று நினைக்கிறார்கள். பெயர் வைப்பது எளிது, கணக்குத்தான் கடினம். நிலவு ஒரு பௌர்ணமியில் இருந்து அடுத்த பௌர்ணமிக்கு வரச் சராசரியாக 29.53 நாள் எடுக்கிறது. சூரிய ஆண்டு 365.24 நாள். பன்னிரண்டு நிலா மாதங்களைச் சேர்த்தால் 354 நாள்தான் வரும். ஏறக்குறைய 11 நாள் மிஞ்சும். எந்த நாட்காட்டியானாலும் இந்த மிச்சத்தை எங்கே கொண்டுபோய் வைக்கிறது என்பதில்தான் அதன் குணம் தெரியும்.

எழுத்தாளர் டோல்கீன் தன் கதைகளில் வரும் ஹாபிட்டுகள் என்ற கற்பனை மக்களுக்கு அமைத்துக் கொடுத்த நாட்காட்டியில் மாதம் ஒவ்வொன்றுக்கும் 30 நாள். மிஞ்சிய ஐந்து நாளும் எந்த மாதத்திலும் சேராமல் தனியே நிற்கும். ஆண்டின் நடுநாளுக்குக் கிழமையும் கிடையாது. அதை ஒதுக்கினால் 364 நாள், சரியாக 52 வாரம். ஆகவே ஒரு தேதி எந்தக் கிழமையில் வருகிறதோ அதே கிழமையில்தான் எல்லா ஆண்டும் வரும். காகிதத்தில் இது அருமையான ஏற்பாடு. ஆனால் அதை வைத்து யாரும் சம்பளம் வாங்கவில்லை, பஸ் பிடிக்கவில்லை.

இலங்கையில் நாம் அப்படி ஒன்றை நிஜமாகவே வாழ்ந்து பார்த்திருக்கிறோம். டட்லி சேனநாயக்கவின் அரசாங்கம் 1966 ஜனவரியில் இருந்து ஞாயிற்றுக்கிழமை விடுமுறையை எடுத்துவிட்டு, அந்த இடத்தில் போயா நாட்களை வைத்தது. பௌர்ணமி, தேய்பிறை அட்டமி, அமாவாசை, வளர்பிறை அட்டமி என்று மாதத்தில் நான்கு போயா. அந்த நாட்கள் முழு விடுமுறை, அவற்றின் முந்தைய நாள் அரை விடுமுறை. வாரம் முடிவதைச் சொல்லும் வேலை கிழமையிடம் இருந்து நிலவின் கைக்குப் போனது.

இது நடைமுறையில் எப்படி இருக்கும் என்று ஒரு மாதத்தை எடுத்துப் பார்ப்போம். 1ஆம் தேதி வெள்ளிக்கிழமை பௌர்ணமி என்று வைத்துக்கொள்ளுங்கள். தேய்பிறை அட்டமி 8ஆம் தேதி, அதுவும் வெள்ளி. அமாவாசை 16ஆம் தேதிக்குத் தள்ளிப்போகிறது. விடுமுறை சனிக்கு மாறிவிட்டது. வளர்பிறை அட்டமி 23, அடுத்த பௌர்ணமி 30, இரண்டும் சனி. அதற்கடுத்த மாதத்தில் அது ஞாயிறுக்கோ திங்களுக்கோ நகரும். நிலா மாதத்தை நாலாக வகுத்தால் 7.38 நாள் வருவதுதான் காரணம். ஒரு வாரம் ஏழு நாள், இன்னொரு வாரம் எட்டு நாள், எப்போதாவது ஆறு நாளிலேயே முடிந்துவிடும். ஆண்டுக்கு 52 வாரம் இருந்த இடத்தில் ஏறக்குறைய 49 அல்லது 50 வாரம்தான். வேலை செய்கிறவனுக்கு ஓய்வுநாள் இரண்டு மூன்று குறைந்தது என்பதே இதன் பொருள்.

கொழும்பில் வங்கியும் துறைமுகமும் ஞாயிறன்று திறந்திருக்கும்; அவை கணக்குத் தீர்க்க வேண்டிய லண்டன் அன்று பூட்டியிருக்கும். லண்டன் வேலை செய்யும் புதன்கிழமை இங்கே போயாவாக இருக்கும். கிறிஸ்தவர்கள் பூசைக்குப் போகும் ஞாயிறு வேலைநாளாகிவிட்டது, இது சிறிய இழப்பு அல்ல. ஒரு சமயத்தாரின் புனித நாளை மதிப்பதற்கு இன்னொரு சமயத்தாரின் நாளைப் பறித்திருக்க வேண்டியதில்லை என்பதே என் கருத்து.

இதே திட்டத்தை லக்கலவின் வயலோரம் நின்று பார்த்தால் வேறு விதமாகத் தெரியும். நக்கிள்ஸ் மலையின் கிழக்குச் சரிவில் இருக்கும் இந்தப் பகுதிக்குத் தென்மேற்குப் பருவமழையை மலை மறித்துவிடுகிறது. ஒக்டோபரில் இடிமழை தொடங்கி, வடகீழ்ப் பருவக்காற்றோடு பெருமழை வரும். அதை நம்பித்தான் பெரும்போகம். சேனை செய்தவர்கள் ஆவணி, புரட்டாசி வெயிலில் காட்டை வெட்டி எரித்துவிட்டு முதல் மழைக்குக் காத்திருப்பார்கள். மழை விழுந்ததும் குரக்கனும் சோளமும் விதைப்பார்கள். சிங்கள நாட்காட்டியில் வப் மாதம் விதைப்போடு சேர்த்துப் பேசப்படுவதும் இந்தப் பருவத்தை வைத்துத்தான். மண்ணுக்கு வாரம் என்று ஒன்று தேவைப்படவில்லை. மழையும் பிறையும் போதும். வாரம் வேண்டியது பள்ளிக்கூடத்துக்கும் தபால் கந்தோருக்கும் மாத்தளை வங்கிக்கும். இரண்டு நாட்காட்டிகள் ஒரே வீட்டில் பக்கத்தில் பக்கத்தில் ஓடியதால், ஒன்றின் குழப்பம் மற்றதைத் தொடவில்லை.

கதை எழுதுகிறவர்கள் இதைத்தான் தவறவிடுகிறார்கள். அவர்கள் உலகத்தில் அரசனுக்கும் உழவனுக்கும் ஒரே நாட்காட்டி இருக்கிறது. உண்மையில் எங்கும் அப்படி இருந்ததில்லை. நம் வீடுகளிலேயே சம்பளத்துக்கு ஆங்கில மாதம், பொங்கலுக்குச் சூரிய மாதம், திதிக்கு நிலா மாதம் என்று மூன்று ஓடுகின்றன.

மிச்ச நாளை மாதத்துக்கு வெளியே நிறுத்திய டோல்கீனின் யோசனைக்கும் இங்கே உறவு உண்டு. சித்திரைப் புத்தாண்டில் சூரியன் மீனத்தில் இருந்து மேடத்துக்குக் கடக்கும் வேளையைச் சிங்களவர் நோணகதய என்கிறார்கள். தமிழ்ப் பஞ்சாங்கம் புண்ணியகாலம் என்று குறிக்கிறது. சிங்களக் கணக்கில் அது 12 மணி 48 நிமிடம். பழைய ஆண்டுக்கும் புதிய ஆண்டுக்கும் நடுவில் நிற்கிற அந்த நேரத்தில் அடுப்பு எரியாது, கொடுக்கல் வாங்கல் கிடையாது, கோயிலுக்கோ பன்சலைக்கோ போவார்கள். பிறகு சுபநேரம் பார்த்து அடுப்பு மூட்டிப் பால் பொங்க வைப்பார்கள். எந்தக் கற்பனை எழுத்தாளரும் பொறாமைப்பட வேண்டிய ஏற்பாடு இது.

வாரத்தில் கை வைத்த அரசுகள் வேறு நாடுகளிலும் தோற்றிருக்கின்றன. பிரான்சின் புரட்சி அரசு 1793இல் பத்து நாள் வாரத்தைக் கொண்டுவந்தது. நெப்போலியன் 1806 முதல் அந்த நாட்காட்டியையே கைவிட்டார். சோவியத் ஒன்றியம் 1929இல் ஐந்து நாள் வாரத்தையும் பிறகு ஆறு நாள் வாரத்தையும் முயன்று, 1940இல் ஏழுக்கே திரும்பியது. இலங்கையில் 1971இல் சனி, ஞாயிறு விடுமுறை மீண்டது. பௌர்ணமிப் போயா மட்டும் பொது விடுமுறையாக நிலைத்து இன்றுவரை இருக்கிறது.

1966இல் பத்து வயதாக இருந்தவர்களுக்கு இப்போது எழுபது வயது ஆகிறது. ஞாயிற்றுக்கிழமை பள்ளிக்கூடம் போன பிள்ளைகள் அவர்கள். நாட்காட்டி ஒன்றைக் கற்பனை செய்யும் முன் உங்கள் வீட்டில் அந்த வயதில் இருப்பவரிடம் உட்கார்ந்து கேளுங்கள், கேட்டதை எழுதி வையுங்கள்.