வெட்ட வெட்டத் தழைக்கும் காடு

தெற்கு லண்டனில் வெஸ்ட் நோர்வுட், சவுத் நோர்வுட் என்ற ஊர்களை அங்குள்ள தமிழர்கள் நன்கு அறிவார்கள். டெப்ட்ஃபர்டிலிருந்து செல்ஹர்ஸ்ட் வரை பரவியிருந்த ‘கிரேட் நார்த் வுட்’ காடு விட்டுச்சென்ற பெயர்கள் அவை. பல கைகளில் சிறு சிறு துண்டுகளாக இருந்த அந்தக் காடு, மனிதர் முறைவைத்து வெட்டி வளர்த்த காடு. ஓக் மரம் டெப்ட்ஃபர்ட் கப்பல் துறைக்குப் போனது. அதன் பட்டை தோல் பதனிடுவோருக்கு. ஹார்ன்பீம் விறகு குராய்டனில் கரி மூட்டுவோருக்கு.

நூற்றாண்டுக்கணக்கில் வெட்டியும் காடு அழியவில்லை. கரும்பு அறுத்த வயலில் மறுதாம்பு தழைக்குமே, அதே வித்தைதான். குளிர்காலத்தில் இலை உதிர்ந்தபின், மரத்தை நிலத்தையொட்டி வெட்டுவார்கள். சேமித்த மாவுச்சத்து வேரில் பத்திரமாக இருக்கிறது. பட்டைக்கடியில் உறங்கிய மொட்டுகள் வசந்தத்தில் விழித்து, ஒரே அடிக்கட்டையிலிருந்து பல கழிகள் கிளம்பும். ஹேசல் செடி 7 முதல் 10 ஆண்டில் மறுவெட்டுக்குத் தயாராகும். ஹார்ன்பீமுக்கு 15 ஆண்டுக்கு மேல் வேண்டும். காட்டைக் கூறுகளாகப் பிரித்து ஆண்டுக்கு ஒரு கூறு வெட்டினால், கடைசிக் கூறு முடியும்போது முதல் கூறு வளர்ந்திருக்கும். இடையிடையே ஓக் மரங்களை நெடுமரமாக விட்டுவைப்பார்கள். சஃபோக்கில் பிராட்ஃபீல்டு காடு 1252 முதல் இப்படித்தான் பராமரிக்கப்படுகிறது. அங்குள்ள ஆஷ் மர அடிக்கட்டை ஒன்றுக்கு ஆயிரம் வயது இருக்கும் என்று மதிக்கிறார்கள்.

மரம் வெட்டுவதே பாவம் என்று நினைப்பவர்கள், வெட்டிய பகுதியை அடுத்த வசந்தத்தில் போய்ப் பார்க்க வேண்டும். நெடுநாள் இருண்டு கிடந்த தரையில் வெயில் விழ, காட்டு அனிமோன் பூக்கும், வண்ணத்துப்பூச்சிகள் வரும். கைவிட்ட காட்டிலோ கிளைகள் கூடி நிழல் இறுகி, கீழ்த்தளம் வெறுமையாகிவிடும். நிலக்கரி வந்ததும் விறகுக்கு மதிப்புப் போய், லண்டன் காடுகள் பலவற்றுக்கும் அதுதான் நேர்ந்தது. மிஞ்சியவற்றில் ஒன்றான சிடனம் ஹில் காடு டல்விச் எஸ்டேட்டின் சொத்து. 1982 முதல் லண்டன் வைல்டுலைஃப் டிரஸ்ட் அதைப் பராமரிக்கிறது.

வெட்டிய அடிக்கட்டையில் கிளம்பும் இளந்துளிர் மானுக்கு விருந்து. அதனால் மான் நடமாடும் இடங்களில், வெட்டிய சுள்ளிகளையே அடுக்கி வேலி போடுகிறார்கள்.

இங்கிலாந்தில் சொந்தக் காடு வைத்திருப்பவர், காலாண்டுக்கு 5 கன மீட்டர் மரம்வரை உரிமமின்றி வெட்டலாம். அதில் 2 கன மீட்டர்தான் விற்கலாம். நெஞ்சுயரத்தில் 15 சென்டிமீட்டருக்கு மேல் பருக்காத மறுதாம்புக் கழிகளை எவ்வளவு வெட்டினாலும் உரிமம் தேவையில்லை. உள்ளூராட்சியின் மரப் பாதுகாப்பு ஆணை இருந்தால் தனி அனுமதி கேட்க வேண்டும். காலத்தோடு வெட்டுகிறவருக்குச் சட்டம் தடையாக நிற்பதில்லை; கவனிக்காமல் விட்டுக் கழிகள் பருத்தபின்தான் விண்ணப்பத்தோடு அலைய நேர்கிறது.