ஒலி காலத்தை வளைக்குமா?

ஒலியால் காலத்தை வளைக்க முடியுமா? கற்பனைக் கதைகளில் முடிகிறது.

தோழியின் அக்கா கல்யாணத்துக்காக உம்மாவுடன் அளவெட்டிக்குப் போயிருந்தேன். தவில் மேதை வி. தெட்சணாமூர்த்தி (1933–1975) வாழ்ந்த ஊர் அது. தவில் சமா முடிந்ததும், "பத்து நிமிசமும் ஆகயில்லையே!" என்றார் உம்மா. மணிக்கூட்டிலோ அரை மணித்தியாலம் கழிந்திருந்தது.

தோழி விளக்கினாள்: ஆதி தாளத்தின் ஓர் ஆவர்த்தனத்தில் 8 எண்ணிக்கை. சதுஸ்ர நடையில் எண்ணிக்கைக்கு 4 மாத்திரையாக 32. கண்டத்தில் 5 ஆக 40. மிஸ்ரத்தில் 7 ஆக 56. கைத்தாளத்தின் வேகம் மாறாது.

மனம் அந்தக் கணக்கில் ஒன்றியதும் நேரத்தைக் கவனிக்க மறக்கிறது. அதனால் நேரம் சுருங்கியதாகத் தோன்றுகிறது.

அதே ஆவர்த்தனத்துக்குள் 32உம் அடங்கும், 56உம் அடங்கும். பரீட்சைக்கு நாள் போதாதென்று கலங்கும்போது இதை நினைத்துக்கொள்கிறேன்.